கழுகைப் பற்றிய பத்தாவது தகவல்

சிறுவர் பத்திரிகை ஒன்றில் மாதம் ஒரு பக்கம் எழுதுவது என் பிழைப்புகளில் ஒன்று. ஒட்டகம், எறும்பு, எரிமலை என்று ஏதாவது ஒன்றைப் பிடித்து, ‘ஆச்சரியமான பத்துத் தகவல்கள்’ என்று எழுதிக் கொடுக்க வேண்டும். பத்து என்றால் பத்து. ஒன்பது கொடுத்தால் ஆசிரியர் போனில் கத்துவார். ஆறு வருஷத்துக்கு முன்னால் கழுகு எழுதினேன். ஒன்பது தேறிவிட்டது, பத்தாவது கிடைக்கவில்லை.

அந்த ஒன்பதும் சுத்தமான சரக்கு. புத்தகம் பார்த்து எழுதியவை. கழுகுக்குக் கிட்டத்தட்ட நம் கண் அளவுக்குப் பெரிய கண். அதற்குள் மூன்றாவதாக ஓர் இமை. ஆணைவிடப் பெண்தான் பெரிசு. போன வருஷக் கூட்டின் மேலேயே இந்த வருஷமும் சுள்ளி அடுக்கும். வழுக்கைக் கழுகு என்று ஒன்று உண்டு, அதற்கு வழுக்கையே கிடையாது, தலை நிறைய வெள்ளை இறகு. இப்படியெல்லாம்.

பத்தாவதுக்கு மண்டையைப் பிய்த்துக்கொண்டிருந்தபோது, யாரோ ஒரு புண்ணியவான் சூரிய உதயப் படம் போட்டு என் வாட்ஸப்புக்கு ஒரு செய்தி அனுப்பினான். நீங்களும் படித்திருப்பீர்கள். நாற்பது வயதில் கழுகுக்கு அலகு வளைந்து, நகம் மழுங்கி, சிறகு கனத்துப்போகுமாம். மலை உச்சிக்குப் போய் அலகைப் பாறையில் மோதி உடைத்துக்கொள்ளுமாம். நகத்தைப் பிடுங்கி, இறகைப் பிய்த்துப் போடுமாம். நூற்றைம்பது நாள் அந்த வலியைத் தாங்கினால் எல்லாம் புதிதாக முளைத்து, இன்னும் முப்பது வருஷம் வாழுமாம்.

நான் எதையும் சரிபார்க்கவில்லை. அந்த ‘மாம்’களை எல்லாம் எடுத்துவிட்டு, கூட இருந்து பார்த்தவன் மாதிரி எழுதி அனுப்பினேன். நாலு நிமிஷ வேலை.

அந்த வருஷம் என் அக்காவுக்கு நாற்பது வயது. மயிலாப்பூரில் எங்கள் பங்குக் கோயிலை ஒட்டிய பள்ளிக்கூடத்தில் ஆறாம் வகுப்புக்கு அறிவியல் டீச்சர். ஜனவரியில் மார்பில் கட்டி என்றார்கள். பிப்ரவரியில் அடையாறு என்றார்கள். எங்கள் பக்கம் குரலை இறக்கி ‘அடையாறு’ என்று சொன்னால் அது ஊர் இல்லை, ஆஸ்பத்திரி. அதற்குள் ஈரல் வரைக்கும் பரவியிருந்தது. டாக்டர் அக்காவிடம் எதையும் மறைக்கவில்லை. அத்தானுக்கு ஷிப்ட் வேலை என்பதால், கீமோவுக்கு ஆட்டோவில் கூட்டிப்போய்க் கூட்டிவருவது என் பொறுப்பு.

அக்காவுக்கு ஒரே மகள். அப்போது பத்து வயது. நான் எழுதும் பக்கத்தை மாதாமாதம் மனப்பாடம் செய்து ஒப்பிக்கிற ஒரே வாசகி அவள்தான். கழுகு வந்த இதழும், அக்காவுக்கு முடி கொட்ட ஆரம்பித்ததும் ஒரே வாரத்தில்.

“மாமா, அம்மாவுக்கு நாப்பது ஆயிடுச்சு இல்ல?” என்று வாசலிலேயே என்னைப் பிடித்துக்கொண்டாள். “முடி கொட்டுது, அது இறகு. நகம் கறுத்துப்போச்சு. வாயெல்லாம் புண்ணு, சாப்பிட முடியல, அதான் அலகு. எல்லாமே அப்படியே இருக்கு மாமா!”

ஐயோ, அந்த முகத்தில் என்ன சந்தோஷம்! நான் என்ன செய்தேன்? “அட, ஆமாம்ல” என்றேன். முட்டாள்.

அன்றைக்கே அவள் வீட்டுத் தினசரி காலண்டரில் ஒவ்வொரு தாளிலும் ஸ்கெட்ச் பேனாவால் எண் போட்டாள். ஒன்று, இரண்டு, மூன்று என்று நூற்றைம்பது வரைக்கும். நூற்றைம்பதாவது தாளில் ஒரு கழுகு வரைந்தாள். அது கழுகு மாதிரி இல்லை, கோழி மாதிரி இருந்தது.

மே மாதம் லீவு என்று ஒருநாள் அவளும் எங்களோடு ஆட்டோவில் வந்தாள். பாலத்தின் மேல் போகும்போது எட்டி எட்டி வானத்தைப் பார்த்தாள்.

“இன்னா பாப்பா பாக்குற, கழுகா? அதோ சுத்திக்கினு கீது பாரு” என்றார் ஆட்டோக்காரர். அது பருந்து. ஆற்றங்கரையில் கொட்டும் கறிக்கழிவுக்காகச் சுற்றுகிற பருந்து. நான் வாயைத் திறக்கவில்லை.

ஆஸ்பத்திரியில் அவளைத் தண்ணீர் பிடித்துவர அனுப்பிவிட்டு, அக்கா என் பக்கம் திரும்பினாள்.

“டேய், அலகு உடைஞ்ச கழுகு நூத்தம்பது நாள் என்னத்தடா தின்னும்? என்னை மாதிரி ஜூஸ் குடிக்குமா?” சிரித்தாள். வாய்ப்புண்ணில் சிரிப்பு வலித்து, கையால் வாயைப் பொத்திக்கொண்டாள். “பட்டினி கிடந்து செத்துப்போகும். இறகு ஒண்ணு ரெண்டாத்தான் உதிரும், மொத்தமாப் பிடுங்கினா எப்படிப் பறக்கும்? படிச்ச அன்னிக்கே உன்னை உதைக்கணும்னு இருந்தேன்.”

“நீயே அவகிட்ட சொல்லியிருக்கலாமே?”

“நான் சொன்னா அம்மா தோத்துட்டான்னு நெனப்பா. எழுதினவன் நீ. தப்பா எழுதிட்டேன்னு நீ சொன்னா முடிஞ்சது. ஆனா நான் இருக்கறப்பவே சொல்லிடு. இப்ப சொன்னா எங்கிட்ட வந்து அழுவா. அப்புறம் சொன்னா, யார்கிட்டடா போய் அழுவா?”

“சொல்லிடறேன்” என்றேன். அது அறுபத்திரண்டாம் நாள்.

சொல்வதற்காகவே அவளைப் பாலவாக்கம் கடற்கரைக்குக் கூட்டிப்போனேன். மிளகாய் பஜ்ஜி வாங்கிக் கொடுத்தேன். வலை இழுத்த இடத்தில் ஒரு செம்பருந்து இறங்கி மீனைத் தூக்கிக்கொண்டு போனது. இதுதான் சமயம் என்று, “கண்ணு, அந்தக் கழுகு விஷயம்...” என்று ஆரம்பித்தேன்.

“இன்னிக்குத் தொண்ணூத்தெட்டு மாமா” என்றாள், வாய் நிறைய பஜ்ஜியோடு.

இன்னொரு பஜ்ஜி வாங்கிக் கொடுத்தேன். வேறு ஒன்றும் செய்யவில்லை.

அக்கா கேட்டுக்கொண்டே இருந்தாள். சொன்னியா? நாளைக்கு. சொன்னியா? ஞாயிற்றுக்கிழமை. அப்புறம் அவளுக்குப் பேச்சு குறைந்துபோனது. நூற்றிருபதாம் நாள் மாலை, கட்டிலில் இருந்தபடி புருவத்தை மட்டும் உயர்த்தினாள். என்ன கேட்கிறாள் என்று எனக்குத் தெரியும். சொல்லிவிட்டதாகத் தலையாட்டினேன். அவள் என்னையே கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டாள். நிம்மதியாகிவிட்டாள் என்று நினைத்தேன். கோழைக்கு எல்லாமே தனக்கு வசதியாகத்தான் தெரியும்.

நூற்று முப்பத்தொன்றாம் நாள் மத்தியானம் அக்கா போய்விட்டாள்.

மறுநாள் வீட்டில் ஜெபம் முடிந்தது. சவப்பெட்டிக்காரர், “கடைசியா முகம் பாக்கறவங்க பாத்துக்குங்க” என்றார். எல்லோரும் பார்த்தார்கள். மூடியைத் தூக்கியபோது அந்தக் குழந்தை ஓடிவந்து பெட்டியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டது.

“மூடாதீங்க! இன்னும் நாள் இருக்கு! காலண்டரைப் பாருங்க, இன்னும் முடியல!”

யாருக்கும் ஒன்றும் புரியவில்லை. பிள்ளைக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று ஒரு சித்தி அழுதாள். புரிந்தவன் நான் ஒருவன்தான். ஒவ்வொரு விரலாக அவள் கையை எடுத்துவிட்டு, மாடிப்படிக்குத் தூக்கிக்கொண்டு போய் உட்காரவைத்து, அங்கே சொன்னேன். அது பொய் கண்ணு. கழுகு அப்படியெல்லாம் செய்யாது. மாமா தப்பா எழுதிட்டேன்.

கீழே மூடியில் திருகாணி முடுக்கும் சத்தம் கேட்டது.

அவள் அழவில்லை. “அம்மாவுக்குத் தெரியுமா?” என்று கேட்டாள்.

அந்த நிமிஷத்திலாவது நான் மனுஷனாக இருந்திருக்கலாம். தெரியும் என்றால், உன்னிடம் சொல்லச் சொன்னாள் என்றும் சொல்ல வேண்டும். நான் சொல்லாமல் விட்டேன் என்றும் சொல்ல வேண்டும். “தெரியாதும்மா” என்றேன்.

அந்தப் பக்கத்தை எழுதுவதை இன்னும் நான் விடவில்லை. வயிறு இருக்கிறதே. போன மாதம் ஆந்தை.

அவள் இப்போது பதினொன்றாம் வகுப்பு. உயிரியல் எடுத்திருக்கிறாள். போன வாரம் என் வீட்டில் பழைய இதழ்களைக் கிளறும்போது அந்தக் கழுகுப் பக்கம் அவள் கையில் அகப்பட்டது. நின்றபடியே பத்தையும் படித்தாள்.

“பாவம் மாமா அம்மா” என்றாள். “சயின்ஸ் டீச்சரா இருந்துட்டு, இதைப் போய் கடைசி வரைக்கும் நம்பியிருக்காங்க.”

என்னைத் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். செத்துப்போனவளை, அதுவும் அவளைப் போய், ஏமாந்தவள் என்று அவள் பெற்ற மகளே பாவம் பார்த்ததை என்னால் தாங்க முடியவில்லை.

“அவ நம்பலை” என்றேன். “படிச்ச அன்னிக்கே அவளுக்குத் தெரியும். உன்கிட்ட சொல்லச் சொன்னா. எத்தனையோ தடவை கேட்டா. நான் சொல்லலை. கடைசியில சொல்லிட்டேன்னு தலையாட்டிட்டேன்.”

கத்துவாள், இதழை என் முகத்தில் வீசுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தாள்.

“என்னிக்குத் தலையாட்டினீங்க?”

“நூத்தி இருபதாம் நாள்.”

“அப்ப அதுவும் அவங்களுக்குத் தெரியும் மாமா.”

எனக்குப் புரியவில்லை.

“தினமும் காலையில நான் காலண்டர் தாளைக் கிழிச்சதும் அம்மா கையை ஆட்டிக் கூப்பிடுவாங்க. எத்தனைன்னு விரலால கேப்பாங்க. நான் நம்பரைச் சொல்லுவேன். நூத்தி இருபத்தொண்ணு சொன்னேன். நூத்தி இருபத்திரண்டு சொன்னேன். போன அன்னிக்குக் காலையில வரைக்கும் சொன்னேன்.”

அவள் அந்தப் பக்கத்தை மடித்து மேஜையில் வைத்தாள்.

“பதினோரு நாள் மாமா. நீங்க சொல்லலைன்னு தெரிஞ்சுக்கிட்டே, இன்னிக்காவது சொல்லுவீங்களான்னு தினமும் கேட்டிருக்காங்க.”