வெட்டினது நான்தான்

நேற்றுப் பகல் கடையில் ஒரு கைபேசிக்குக் கண்ணாடி ஒட்டிக்கொண்டிருந்தபோது குடும்ப வாட்ஸ்அப் குழுமத்தில் ஒரு படம் வந்து விழுந்தது. சாச்சா, அதாவது சித்தப்பாவின் மகள் றிஸ்மியா மேடையில் விருதோடு நிற்கிறாள். சிங்களப் படமொன்றின் சிறந்த எடிட்டராம். ஊரே 'மாஷா அல்லாஹ்' போட்டிருந்தது. நானும் போட்டேன், மூன்று பூக்களோடு. வயிறு எரிவதைக் காட்ட அதில் பூ எதுவும் இல்லை.

கண்ணாடி துடைக்கும் ஸ்பிரிட்டின் மணம் இருக்கிறதே, அதுதான் என்னை இழுத்துக்கொண்டு போனது. கசட் காலத்தில் வீடியோ டெக்கின் நாடா படிக்கும் தலையையும் இதே ஸ்பிரிட்டால்தான் துடைப்போம். இந்தக் கடை அப்போது என் கலியாண வீடியோ ஸ்டூடியோ. இரண்டு டெக்கை வயரால் இணைத்து, ஒன்றை ஓடவிட்டு மற்றதில் வேண்டியதை மட்டும் பதிவதுதான் எங்கள் எடிட்டிங்; 'வெட்டுவது' என்போம். என்றாவது கொழும்பு என்னைச் சினிமாவுக்குக் கூப்பிடும் என்று தலைமுடியைக்கூட நீளமாக வளர்த்திருந்தேன். சிரிக்காதீர்கள்.

பெண்கள் பக்கத்துக் கசட்டை ஆண்கள் பார்க்கக்கூடாதே, அதை வெட்டத்தான் றிஸ்மியாவைச் சேர்த்தேன். நடுவில் ஒரு திரை. அந்தப் பக்கம் அவள். என் கலியாணக் கசட்டையும் அவள்தான் வெட்டினாள். அதில் ஓரிடம்: மாப்பிள்ளை ஊர்வலம் போய்விட்டது. வெறும் வாசலில் என்னைப் பெற்ற உம்மா, நான் இடுப்பில் உடுத்தும் பழைய சாரனை மடிக்கிறார். விரித்து, மறுபடியும் மடிக்கிறார்.

"இத எடுத்துரு புள்ள, இழுவையா இரிக்கி" என்றேன்.

"இரிக்கட்டும் காக்கா" என்றாள். அண்ணனைக் காக்கா என்பது எங்கள் வழக்கம்.

கொழும்பில் படமெடுக்கும் ஒரு மேடம் உதவி எடிட்டர் தேடி வந்தபோது அந்தக் கசட்டைத்தான் போட்டுக் காட்டினேன். உம்மாவைக் கண்டதும் அவர் நாற்காலியை முன்னே இழுத்தார்.

"இது நீங்க வெட்டினதா?"

"ஓம் மேடம், நான்தான்."

"ஏன் இவ்வளவு நேரம் விட்டீங்க?"

நான் கசட் உறையைத் திருப்பிப் பார்த்தேன். திரைக்குப் பின்னாலிருந்து குரல் வந்தது.

"மாப்புள இனி பொண்டாட்டி ஊட்டோட மேடம். உம்மாட ஊட்டுக்கு விருந்தாளியாத்தான் வருவாரு. அது அவக்கு விளங்கிற நேரம் இது."

மேடம் எழுந்து திரையை விலக்கினார். அடுத்த மாதம் கொழும்பு பஸ் ஏறியவள் றிஸ்மியா. நான் வெட்டியது என் தலைமுடியை.

நேற்று மாலை வாழ்த்துச் சொல்ல அழைத்தேன்.

"காக்கா, அந்தக் கசட் இரிக்கா? நீலக் கோட்டுச் சாரன்… ரெண்டாந்தரம் மடிக்கக்குள்ள பெரியும்மாட கை நடுங்கிச்சே."

"ஓம், பத்திரமா இரிக்கி" என்றேன்.

அது என் இரண்டாவது பொய். டெக்குகள் பழைய இரும்புக்குப் போயின. கசட்டில் பூஞ்சணம் பிடித்து, அதையும் நானே எறிந்துவிட்டேன். உம்மாவும் மௌத்தாகி மண்ணுக்குள் போய் வருடங்கள் ஆகின்றன. உடுத்த எனக்கே சாரனின் நிறம்கூட நினைவில்லை. அவளுக்கு உம்மாவின் கை நடுங்கியதுவரை நினைவிருக்கிறது. விருதை அவளே வைத்துக்கொள்ளட்டும். என் உம்மாவையாவது என்னிடம் விட்டுவைத்திருக்கக் கூடாதா?