எக்ஸுக்கு எத்தனை மூட்டை

எழுதத் தெரிந்தவர்கள் எத்தனையோ பேர் இருக்க, நான் எழுதுவது அதிகப்பிரசங்கித்தனம்தான். பொறுத்துக்கொள்ளுங்கள். பள்ளிக்கூடத்தோடு படிப்பு முடிந்தவள். பஸ்ஸில் கண்டக்டரிடம் வாய் திறந்து டிக்கெட் கேட்கவே எனக்கு இன்றைக்கும் கூச்சம். ஆனாலும் ஒரு கணக்கைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

எழுபதுகளின் தொடக்கம். கல்யாணமாகி இரண்டாம் வருடம். என் வீட்டுக்காரர் வேலை பார்த்த இண்டூர் உரக்கடையை மூடிவிட்டார்கள். இரண்டு மாதம் சும்மா இருந்தார். பிறகு ஒரே வாரத்தில் இரண்டு உரக்கடைகளில் கூப்பிட்டார்கள். அரூரில் சம்பளம் நூற்றிப்பத்து ரூபாய், விற்கிற மூட்டைக்கு இருபது பைசா கமிஷன். பொம்மிடியில் சம்பளம் அறுபதுதான். ஆனால் மூட்டைக்கு நாற்பத்தைந்து பைசா. பொம்மிடி வேலையைப் பிடித்துக் கொடுத்தவர் அவருடைய அக்கா வீட்டுக்காரர். எனக்கு அண்ணன் முறை. காலைக்குள் கடைக்காரருக்குப் பதில் சொல்ல வேண்டும் என்று முந்தின நாள் சாயங்காலம் எங்கள் வீட்டில் வந்து உட்கார்ந்துவிட்டார்.

"மாசம் முந்நூறு மூட்டை தள்ளுன ஆளு நீ! உனக்கு எதுக்கு மாப்ள சம்பளம்? கமிஷன்லயே ஜீப்பு வாங்கிரலாம்."

இண்டூரில் என் வீட்டுக்காரர் விற்றதை மாதாமாதம் சீட்டில் எழுதிக் கொடுத்தவள் நான். விதைப்புக் காலத்தில்கூட நூற்றிருபதைத் தாண்டியதில்லை. முந்நூறு என்று அண்ணனிடம் எப்போது சொன்னாரோ?

"இவ எஸ்.எஸ்.எல்.சி. பாஸுங்க மாமா. எது லாபம்னு கணக்காவே போட்டுக் காட்டுவா. போடுடி," என்று அவரே பெருமையாகக் காலண்டர் தாளைக் கிழித்து நீட்டினார்.

மூட்டை எத்தனை என்பதை x என்று வைத்துக்கொண்டு எழுதினேன்.

110 + 0.20x = 60 + 0.45x

"எக்ஸா? அவன் எந்த ஊருக்காரன்? அவனுக்கும் பங்கு குடுக்கணுமா?" என்று அண்ணன் சிரித்தார்.

இருநூறு என்று விடை வந்தது. இருநூறு மூட்டை விற்றால் இரண்டு இடத்திலும் நூற்றைம்பது ரூபாய். அதற்கு மேலே போனால் பொம்மிடி லாபம், குறைந்தால் அரூர். தாளைப் பார்த்துக்கொண்டே சொன்னேன்.

"அப்புறம் என்ன? இருநூறு எங்க, முந்நூறு எங்க! பொம்மிடின்னே சொல்லிரட்டுமா மாப்ள?"

அவர் சரி என்பதுபோல எழுந்தார். நான் மனசுக்குள் நூற்றிருபது போட்டுப் பார்த்தேன். அரூரில் நூற்று முப்பத்துநான்கு. பொம்மிடியில் நூற்றுப் பதினான்கு. இருபது ரூபாய் எங்கள் வீட்டு வாடகை. எனக்கு அப்போது ஆறாம் மாதம்.

"இருங்கண்ணா," என்றேன்.

"என்ன தங்கச்சி?"

"எக்ஸுக்கு முந்நூறு போடக் கூடாதுங்க."

"பின்ன எவ்ளோ போடறது?"

என் வீட்டுக்காரர் என்னையே பார்த்தார். சொல்லிவிடாதே என்கிற பார்வை. தாளில் 120 என்று எழுதி அண்ணன் பக்கம் தள்ளினேன்.

அண்ணன் தாளைப் பார்த்தார். அப்புறம் அவரைப் பார்த்தார்.

"ஏன் மாப்ள, என் வூட்ல உக்காந்து முந்நூறுன்னியே? நானும் அந்த முதலாளிகிட்ட அப்படியே சொல்லிட்டு வந்தனே?"

அவர் சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார். அண்ணனும் காப்பியைத் தொடாமலே கிளம்பினார். அந்தத் தாள் தரையிலேயே கிடந்தது.

மறுநாள் முதல் பஸ்ஸில் அவர் அரூர் போய் வேலையில் சேர்ந்தார். நான் கட்டி வைத்த சாப்பாட்டை எடுத்துக்கொண்டு போகவில்லை.