ஞானம் அக்கா பெரிதாக்கிக் காட்டியது

"அக்கா போயிட்டாண்ணே." செல்வத்தின் போன் வந்தபோது ஸ்ரீவில்லிபுத்தூரில் என் கடையைத் திறந்துகொண்டிருந்தேன். அப்படியே பூட்டிவிட்டு இராஜபாளையம் பஸ் ஏறினேன்.

ஞானம் அக்காவின் வீடியோ கேம் கடையில் பொழுதைத் தொலைத்த உங்களுக்கு அவருடைய வாயைப் பற்றிச் சொல்ல வேண்டாம். "என்னால முடியாததுன்னு ஒண்ணச் சொல்லுலே பாப்போம்" என்பார். அடக்கம் அவருக்கு ஒத்துவராது. அந்த வாய் பலித்த ஒரு நாளைத்தான் இங்கே சொல்ல வந்தேன்.

தொண்ணூறுகளின் கடைசி. அக்காவின் தம்பி செல்வத்துக்குப் பார்வை மங்கிவிட்டது. மில் வேலையும் போயிற்று. உள்ளங்கை அளவு விளையாட்டுக் கருவி ஒன்று வைத்திருந்தான். அதிலிருந்த விளையாட்டில் கடைசிக் கட்டம் மட்டும்தான் பாக்கி. அந்தக் குட்டித் திரை தெரியாமல் போனதும் பீரோவுக்குள் போட்டுப் பூட்டிவிட்டான். பிறகு சாப்பாடு, பேச்சு எல்லாம் குறைந்துபோயிற்று. அக்கா என்னிடம் வந்தார். "அவன் கண்ண என்னால பெருசாக்க முடியாது. அந்தப் படத்தப் பெருசாக்கலாம்லாலே?"

அப்போது நான் ஸ்ரீவில்லிபுத்தூர் மடவார் வளாகத்தில் கம்ப்யூட்டர் சென்டர் நடத்திவந்தேன். அக்கா கடையின் கேம் பெட்டியை அந்தக் கையடக்கக் கருவியைப் போலவே நடந்துகொள்ள வைக்கும் எமுலேட்டர் என்ற மென்பொருளைத் தேடிப்பிடித்து, செல்வத்தின் விளையாட்டோடு சேர்த்து ஒரு சிடியில் பதிந்தேன். ஞாயிறு ஆராதனை முடிந்ததும் அக்கா கடையில் கூடினோம். டிவியோடு இணைந்த கேம் பெட்டி, கம்பெனி சிடியை மட்டுமே ஏற்கும். அதைப் போட்டு ஓடவிட்டு, மூடி திறந்திருப்பது பெட்டிக்குத் தெரியாதபடி உள்ளேயிருக்கும் பித்தானை அழுத்திவைத்து, சட்டென்று நம் சிடியை மாற்ற வேண்டும். பித்தானை அழுத்த அக்கா பேண்டேஜ் துணியைச் சுருட்டிச் செருகினார். பலமுறை சொதப்பிய பிறகு படம் வந்தது. ஆனால் கலர் வரவில்லை.

பக்கத்துக்கடை டிவி மெக்கானிக் வந்து திருகாத திருகில்லை. "பிக்சர் டியூப் போச்சு" என்றார். "உன் டியூப்தான் போச்சு" என்று அக்கா எகிறினார். சாப்பாட்டு நேரமும் தாண்டிவிட்டது. தோற்றுவிட்டோம் என்று நான் ஒயரைக் கழற்றப் போனேன்.

"கழட்டாதீங்கண்ணே." அதுவரை மூலையில் இருந்த செல்வம் எழுந்து வந்து, திரைக்கு மிக அருகில் உட்கார்ந்தான். "கலரு எதுக்கு? இந்த கேம் கறுப்பு வெள்ளதானே? இது இப்படித்தான் இருக்கும்."

கண் தெரியாது என்று நாங்கள் பரிதாபப்பட்டவனுக்கு மட்டும்தான் சரியாகத் தெரிந்திருந்தது. அவன் ஆட ஆரம்பித்தான். பொழுது சாய்வதற்குள் கடைசிக் கட்டத்தையும் முடித்தான். தெருவே விசிலடித்தது. "பாத்தியளா, யாரு தம்பி!" என்று அக்கா மெக்கானிக்கின் முதுகில் போட்ட போட்டில் அவர் தள்ளாடிப் போனார். மறுநாளிலிருந்து கடையின் கல்லாவில் செல்வம்தான் உட்கார்ந்தான். இன்றும் அவன்தான்.

போன வாரம் அக்காவின் படத்தை மாட்ட வேண்டும் என்றான். தனியாக எடுத்த படம் என்று இருந்தது அவர் முன்பு வேலைபார்த்த மில்லின் அடையாள அட்டையில் ஒட்டிய கறுப்பு வெள்ளைப் படம் ஒன்றுதான், நகத்தளவு. ஸ்டூடியோவில், "கலர் போட்டுத் தரவா?" என்று கேட்டார்கள்.

"வேண்டாம். பெருசாக்கி மட்டும் குடுங்க" என்றான் செல்வம். "எங்க அக்கா இப்படித்தான் இருப்பா."

கடைச் சுவரை அடைத்துக்கொண்டு அக்கா சிரிக்கிறார். பழைய கேம் பெட்டிக்குள் இன்னும் செருகியபடியே இருந்த அந்தப் பேண்டேஜ் துணிச்சுருளை நான் கேட்டு வாங்கி வந்துவிட்டேன்.