இடைவேளைக்கு முதல் செத்தவள்

வெஸ்ட்மீட் ஸ்டேஷனில் ரயிலுக்குக் காத்திருக்கிறேன். மகள் வேலைக்குப் போய்விட்டாள். வீட்டில் என்னோடு கதைப்பது மைக்ரோவேவ் மட்டும்தான். அதற்கும் ஒரே வார்த்தைதான் தெரியும். அதனால் ஸ்ட்ராத்ஃபீல்டுக்கு மரக்கறி வாங்கப் புறப்பட்டிருக்கிறேன்.

பக்கத்தில், சக்கர நாற்காலியில் ஒரு வெள்ளைக்காரக் கிழவி. உதட்டில் நல்ல சிவப்புச் சாயம். அவளைப் பராமரிக்கிற வதனி எங்கட ஊர்ப் பிள்ளை.

"அன்ரி, இவ பிரிட்டா. சுவீடன்ல படம் நடிச்சவ. காணுற ஆக்களிட்ட எல்லாம் தன்ர படம் பாத்தனீங்களோ எண்டு கேப்பா."

"பாத்தனான் எண்டு சொல்லு பிள்ளை. கடைசியில இவ அழுவாவெல்லே, அந்தப் படம்."

வதனி இங்கிலீஷில் சொல்ல, கிழவி சிரிக்கிறாள். என் பொய் பிடிபட்டுவிட்டது. எல்லாப் படத்திலும் பாதிக்கு முன்பே அவளைக் கொன்றுவிடுவார்களாம்.

"அதுதானே! நாங்கள் தியேட்டருக்கு எப்பவும் பிந்தித்தான் போறனாங்கள். நான் போய் இருக்க முதல் இவ செத்திருப்பா."

கிழவி இன்னும் சிரிக்கிறாள். பிறகு மெதுவாகச் சொல்கிறாள். ஒரு படத்திலாவது கடைசிவரை உயிரோடு இருக்க ஆசைப்பட்டு, தானே தயாரிப்பாளராகி ஒன்று எடுத்தாளாம். தியேட்டரில் எல்லோரும் பாதியில் எழும்பிப் போக, முடிவுவரை இருந்தது அவள் மட்டும்தானாம்.

ரயில் வந்து கதவு திறக்கிறது.

"அன்ரி, உங்கட ரயில்!"

"போகட்டும். அந்தப் படத்தை முதல்ல இருந்து சொல்லச் சொல்லு. இண்டைக்கு நான் பிந்தி வரேல்லை."