அசிங்க்கும் ஓர் எக்ஸ்பி கம்ப்யூட்டரும்

"மேடம், அந்த அம்மாவுக்கு கம்ப்யூட்டர் வராதுங்க. பாதி டெஸ்ட்ல ஆஃப் பண்ணிடுது. பேக்கிங்குக்கு மாத்தப் போறேன்" என்றார் புரொடக்‌ஷன் மேனேஜர் சேகர்.

ஓசூரில் டெஸ்டிங் மெஷின்களுக்கு சாஃப்ட்வேர் எழுதும் சிறிய கம்பெனி எங்களுடையது. சேகரின் பம்ப் தொழிற்சாலையில், காற்றை நிரப்பி லீக் பார்க்கும் பெஞ்ச் ஒன்று உண்டு. புகார் வந்ததால் போயிருந்தேன். அவர் சொன்ன அம்மா, பெஞ்ச் ஆபரேட்டர் ரத்னம்மா.

நான் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்தேன். ரத்னம்மா ஒரு பம்ப் பீஸை மாட்டி ஸ்டார்ட் அமுக்கினார். திரை வெளுத்தது. எந்த பட்டனும் வேலை செய்யவில்லை.

"இதான் மேடம். செத்துப் போச்சுன்னு நெனச்சு ஆஃப் பண்றேன். சில நேரம் நெசமாவே செத்துப் போகுது. எனக்கு எப்படித் தெரியும்?" என்றார். பிறகு குரலைத் தாழ்த்தினார். "பேக்கிங்னா ஷிப்ட் மாறும். செகண்ட் ஷிப்ட் முடிஞ்சா பாகலூர் தாண்டி எங்க ஊருக்கு பஸ் கெடையாது. வேலைய விட்டுற வேண்டியதுதான்."

தப்பு அவருடையது இல்லை. என்றோ யாரோ எழுதிய புரோகிராம் அது. மெஷினிடம் பிரஷர் கேட்டுவிட்டு, பதில் வரும்வரை வேறு எதையும் கவனிக்காமல் நின்றுவிடும். காத்திருக்கும்போதே திரையையும் பட்டனையும் கவனிக்கும்படி எழுதுவதற்கு அசிங்க் என்று பெயர். அப்படி மாற்றி எழுதித் தருவதாகச் சேகரிடம் சொன்னேன்.

"என்னங்க மேடம், அசிங்கம்கறீங்க?" என்றார் சேகர். எங்கள் தொழிலில் எல்லோரும் கேட்டுச் சலித்த ஜோக்தான். சிரித்துவைத்தேன்.

ஆபீசில் புதிதாக எழுதினேன். என் லேப்டாப்பில் அருமையாக ஓடியது. மதியச் சாப்பாட்டு நேரத்தில் மட்டும் பெஞ்சை நிறுத்தித் தருவதாகச் சொல்லியிருந்தார்கள். போய் இன்ஸ்டால் செய்தேன். திறக்கவே இல்லை. ஏதோ ஒரு ஃபைலைக் காணோம் என்றது.

அது பழைய விண்டோஸ் எக்ஸ்பி கம்ப்யூட்டர். அசிங்க் வருவதற்கு முந்தைய காலத்தது. பெஞ்சை இயக்கும் சர்க்யூட் கார்டு புதிய கம்ப்யூட்டர் எதிலும் ஏறாது என்பதால் அதை மாற்றவும் முடியாது. ஆனால் இப்படிப்பட்ட பழைய சிஸ்டங்களுக்கு என்றே அசிங்க் வசதியைத் தரும் டிஎல்எல் ஃபைல்கள் உண்டு. பல புரோகிராம்கள் பொதுவாகப் பயன்படுத்திக்கொள்ளும் லைப்ரரி ஃபைல்கள். அவற்றைப் புரோகிராமின் ஃபோல்டரிலேயே வைத்துவிட்டால் போதும். லேப்டாப்பில் எடுத்து, அவர்கள் ஐடி ஆள் ஸ்கேன் செய்து தந்த பென்டிரைவில் கொண்டுவந்து போட்டேன். இன்னொரு ஃபைலைக் கேட்டது. அதையும் போட்டேன். இப்போது வெர்ஷன் பொருந்தவில்லை என்றது.

பெல் அடித்தது. ஈரக் கையைத் துடைத்தபடி ரத்னம்மா வந்து நின்றார்.

"போதுங்க மேடம், பழசையே போடுங்க. லைன் நிக்குது" என்றார் சேகர்.

"கொஞ்சம் இருங்க சார்" என்றார் ரத்னம்மா. அதுவரை சேகரை அவர் எதிர்த்துப் பேசி நான் பார்த்ததில்லை. "பீஸ நான் வேகமாப் போட்டுக் குடுத்துடறேன். அவங்க முடிக்கட்டும்."

எந்த வெர்ஷனை எடுக்க வேண்டும் என்று, புரோகிராம் திறக்கும்போது படிக்கும் கான்ஃபிக் ஃபைலில் எழுதிச் சேமித்தேன். புரோகிராம் திறந்தது.

ரத்னம்மா ஸ்டார்ட் அமுக்கினார். திரை வெளுக்கவில்லை. பிரஷர் எண் ஏறுவது தெரிந்தது. பாதியில் அவராகவே ஸ்டாப்பை அமுக்கினார். புஸ்ஸென்று காற்று இறங்கி டெஸ்ட் நின்றது.

"அட, சொன்னா கேக்குது மேடம்!"

பக்கத்து மெஷின்காரியைக் கன்னடத்தில் கூப்பிட்டு, மறுபடி ஸ்டார்ட் அமுக்கிக் காட்டினார். சேகர் சற்று நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "சரி, இந்தம்மாவே இங்க இருக்கட்டும்" என்று சொல்லிப் போனார்.

இந்த வேலைக்கு வரும் பிள்ளைகளுக்கு நான் சொல்வது இதுதான். நீங்கள் எழுதும் புரோகிராம் எந்தக் கம்ப்யூட்டரில் ஓடப்போகிறது என்று முதலில் போய்ப் பாருங்கள். அதற்குத் தேவையான ஃபைல்களைக் கூடவே அனுப்புங்கள். ஆபரேட்டருக்குத் தெரியவில்லை என்று யாராவது சொன்னால், நம்புவதற்கு முன் அவர் பக்கத்தில் கொஞ்ச நேரம் உட்காருங்கள்.