ஊதிப் பார்க்கும் எல்ஸ்பா

எல்ஸ்பா ஆட்டுக்குடலின் ஒரு முனையை இரண்டு விரலால் இறுக்கிப் பிடித்துக்கொண்டு மறுமுனையை வாயில் வைத்து ஊதுகிறாள். கன்னம் இரண்டும் புடைக்கின்றன. சுருங்கிக் கிடந்த குடல் மெல்ல எழுந்து, வெளுத்து, விளக்கு வெளிச்சம் உள்ளே தெரியும்படி நிமிர்கிறது. அதை மேலுதட்டை ஒட்டினாற்போல நீளவாக்கில் நகர்த்துகிறாள். ஊசிமுனை அளவு ஓட்டை இருந்தாலும் அங்கே சில்லென்று காற்றுப் படும். "கண்ணு பொய் சொல்லும், கை பொய் சொல்லும். மேலுதடு பொய் சொல்லாது" என்பாள். ஓட்டை இருந்தால் அந்தக் குடல் வாசலில் காத்திருக்கும் நாய்க்கு.

அக்டோபர் மாதம், வட அட்லாண்டிக் கடலில் இருக்கும் ஃபேரோத் தீவுகளில் ஆடு அடிக்காத வீடு இல்லை. எங்கள் ஊரான நோர்வீக்கில் பெரிய செப்புக் கொப்பரை எல்ஸ்பா வீட்டு நிலவறையில்தான் இருக்கிறது. அதனால் அக்கம்பக்கத்துப் பெண்கள் எல்லோரும் கழுவிய குடலைச் சட்டியில் போட்டுக்கொண்டு அங்கே வந்துவிடுவார்கள். ஆட்டு ரத்தம், மாவு, கொழுப்பு, கொஞ்சம் சர்க்கரை, உலர்ந்த திராட்சை. எல்லாவற்றையும் பிசைந்து குடலில் அடைத்து, வாயைக் கட்டி, அந்தப் பொதியைக் கொப்பரையில் வேகவிடுவார்கள். கொப்பரை ஒன்று, வீடு பல. அதனால் ஆளுக்கொரு நிறக் கம்பளி நூலால் கட்டுவது வழக்கம். எல்ஸ்பாவுடையது சாம்பல். மேல்வீட்டு மாலானுடையது சிவப்பு.

எல்ஸ்பா கீழ்வீட்டு ஹரால்தின் கடைக்குட்டி. மீன் ஆலையில் மீனின் வயிறு கிழித்தே கை உரமேறியவள். ஆள் குட்டை, குரல் நெட்டை. படகுத்துறையில் அவள் பேசினால் தேவாலயத்தில் கேட்கும். அவளுடைய அம்மாவும் மாலானின் மாமியாரும் ஒன்றுவிட்ட அக்கா தங்கை. அந்தக் கணக்கில் எல்ஸ்பாவும் மாலானும் மதினிமார். உறவு என்று பிடித்தால் இந்த ஊரில் படகு கட்டுகிற தூணைத் தவிர மிச்சம் எல்லாமே உறவுதான்.

மாலான் வீட்டுப் பொதி வருஷம் தவறாமல் கொப்பரையில் வெடிக்கும். தண்ணீர் கருத்து, மாவு கட்டிகட்டியாக மிதக்கும். மேலே ஒரு சிவப்பு நூல் பாம்புக்குட்டிபோல் சுற்றிவரும். "மதினி, உன் கட்டு கழண்டுடுச்சுடி! நூலைக் குடுத்து ஏமாத்துறானா கடைக்காரன்?" என்று எல்ஸ்பா தொடங்கினால் நிலவறையே சிரிக்கும். அவள் போட்ட பேர்தான் 'மாலான் கட்டு'. பிறகு அது ஊர்ப்பேச்சாகிவிட்டது. படகு கயிற்றை அறுத்துக்கொண்டு போனாலும் மாலான் கட்டு, கல்யாணம் முறிந்தாலும் மாலான் கட்டு. மாலானும் கூடச் சேர்ந்து சிரிப்பாள். சிரித்துக்கொண்டே அகப்பையால் கட்டிகளை அள்ளி, மூடிபோட்ட வாளியில் ஊற்றி, யாருக்கும் தெரியாமல் வீட்டுக்குக் கொண்டுபோவாள்.

இந்த வருஷம் ஆடு குட்டி போடும் காலத்தில் எல்ஸ்பாவுக்கு வயிற்றில் கட்டி என்று தெரிந்தது. தலைநகர் தோர்ஷாவனில் அறுவை செய்யும் மருத்துவரைப் பார்க்கப் போனாள். பின்னிக்கொண்டிருந்த கம்பளிச் சட்டையையும் எடுத்துக்கொண்டுதான் போனாள். கை சும்மா இருந்தால் அவளுக்கு மூச்சு முட்டும். உள்ளே இருந்தவன் தாடிக்காரன், டென்மார்க்கில் வெகுகாலம் இருந்துவிட்டு வந்தவன். எல்ஸ்பா நோயைப் பற்றிக் கேட்கவில்லை. இந்தத் தீவில் எவரும் எவரிடமும் முதலில் கேட்பதைத்தான் கேட்டாள்.

"நீ யாரு வீட்டுப் புள்ளப்பா?"

"என்ன அத்தை, என்னைத் தெரியலையா? ரெகின். மேல்வீட்டு மாலான் மகன்."

பின்னல் ஊசி நின்றது.

"எந்த மாலான்?"

"நம்ம ஊர்ல எத்தனை மாலான் இருக்காங்க அத்தை?"

ரெகின் அவள் மடியில் இருந்த சட்டைக் கைகள் இரண்டையும் எடுத்தான். இன்னும் உடம்போடு சேர்க்காத கைகள். இரண்டின் வாயையும் எதிரெதிரே வைத்துக் காட்டினான். "குடல்ல கட்டி இருக்கிற துண்டை வெட்டி எடுத்துடுவோம். அப்புறம் இந்த வாயையும் அந்த வாயையும் இப்படிச் சேத்துத் தைக்கணும். இதுக்கு அனஸ்டமோசிஸ்னு பேரு."

"அப்படின்னா?"

"வாயோட வாய் வைக்கிறதுன்னு வச்சுக்குங்க. கிரேக்கக்காரன் பாஷை. குடல்னு மட்டும் இல்ல. ரத்தக் குழாயோ பித்தக் குழாயோ, ரெண்டைச் சேத்து ஒரே வழியாக்கினா இதே பேருதான். பிரிஞ்சு ஓடிட்டு மறுபடி கலக்கிற ஆத்துக்குக்கூடச் சொல்லுவாங்க."

"சேத்தது பிரிஞ்சா?"

அவன் சிரிக்கவில்லை. "உள்ள கசிஞ்சா உயிருக்கே ஆபத்து அத்தை. மறைக்க மாட்டேன்."

திரும்பி வரும்போது கடலடிச் சுரங்கப்பாதையில் கார் இறங்கியது. அவள் புருஷன் ஹானுஸ் ஓட்டினார். அவர் அதிகம் பேசாதவர். பேசுகிற வேலையை எல்ஸ்பாவே செய்துவிடுவதால் தேவையும் இருந்ததில்லை. அன்று அவள் பாதிச் சுரங்கம் தாண்டியும் வாய் திறக்காததால் அவருக்குப் பயம் வந்துவிட்டது.

"என்னம்மா ஆச்சு?"

"மாலான் மகன்கிட்டப் போயி குடலைக் குடுக்கச் சொல்றீங்களா? அந்த வம்சத்துல கட்டினது எது நின்னிருக்கு? எழுதிப் போட்டா டென்மார்க்குக்கு அனுப்புவாங்களாமே. அங்க போயிடுறேன்."

ஹானுஸ் கொஞ்ச தூரம் ஓட்டினார். "அங்க உன்னைத் தைக்கப் போறவனோட அம்மா எப்படிக் கட்டினாளோ, உனக்குத் தெரியுமா?"

கல்யாணம் ஆன நாளிலிருந்து அவள் பதில் இல்லாமல் நின்றது அந்த ஒரு தடவைதான் என்று ஹானுஸ் இப்போதும் பெருமையாகச் சொல்லிக்கொள்வார்.

மறுநாள் காலையில் ரெகினுக்குப் போன் போட்டாள். "தம்பி, ஒண்ணு கேக்கணும். உங்கம்மா காதுக்குப் போகக் கூடாது."

"கேளுங்க அத்தை."

"தச்சு முடிச்சதும் ஊதிப் பாப்பியா?"

"பாப்போம் அத்தை. தச்ச இடம் முங்குற மாதிரி தண்ணிய ஊத்திட்டு, குடலுக்குள்ள காத்தை ஏத்துவோம். குமிழி வந்தா மறுபடி தைப்போம். குமிழி வராத வரைக்கும் வயித்தை மூட மாட்டோம்."

"நிசமாவா?"

"உங்க நிலவறையில பாத்ததுதானே. சின்னதுல நீங்க ஊதுறதைப் பாத்துட்டு நின்னிருக்கேன். நாய்க்குப் போடுறதையும் பாத்திருக்கேன்." பிறகு, அவள் கேட்காததையும் சொன்னான். "அத்தை, எங்கம்மா கட்டு ஒருநாளும் கழண்டதில்ல. மிதக்கிற நூலை எடுத்துப் பாருங்க, முடிச்சு முடிச்சாவே இருக்கும். அம்மா ரொம்ப அடைப்பாங்க. எதிர்வீட்டுத் தனிக்கட்டைக்கு ஒரு துண்டு, படகுல போனவன் பொண்டாட்டிக்கு ஒரு துண்டுன்னு கணக்குப் போட்டு, குடல் கொள்ளாத அளவுக்கு அடைப்பாங்க. வேகும்போது மாவு உப்பும். உப்புறதுக்கு இடம் இல்லைன்னா வெடிக்கத்தான் செய்யும். கட்டு மேல குத்தம் இல்ல."

எல்ஸ்பா போனை வைத்துவிட்டு வெகுநேரம் சன்னல் ஓரமே நின்றாள். அந்தச் சன்னலில் இருந்து பார்த்தால் மேல்வீட்டுக் கூரைப் புல் தெரியும். பிறகு ஹானுஸைக் கூப்பிட்டு, "டென்மார்க் வேண்டாம்" என்று மட்டும் சொன்னாள்.

அறுவை முடிந்தது. கட்டி போயிற்று. ஆனால் சேர்த்த வாய் பிடித்ததா என்பதைக் குடல்தான் சொல்ல வேண்டும். அது சொல்கிற விதம் நாகரிகமானது அல்ல. வழி திறந்துவிட்டது என்பதற்கு முதல் சேதி காற்றுப் பிரிவதுதான். விடிந்தால் செவிலிப் பெண் வந்து, "காத்து போச்சா எல்ஸ்பா?" என்பாள். ரெகின் வந்தாலும் அதே கேள்வி. பாதிரியார்கூட ஜெபம் முடித்துவிட்டு, தொண்டையைச் செருமிக்கொண்டு, அதையேதான் விசாரித்தாராம். "வாழ்நாள் முழுக்க அடக்குன்னு சொல்லி வளத்தாங்க. இப்போ வராதான்னு ஊரே வாசல்ல நிக்குது" என்று எல்ஸ்பா சிரித்தாள். சிரித்தால் தையல் வலித்தது. ராத்திரியில் அழுதாள் என்பது பக்கத்துக் கட்டில்காரி சொல்லித்தான் தெரியும்.

அப்படி ஒரு காலைப் பொழுதில் மாலான் வந்தாள். தின்னக் கொடுக்கக் கூடாது என்று தெரிந்ததால் வெறுங்கையோடு வந்தாள். அவள் வெறுங்கையோடு ஒரு வீட்டுப் படி ஏறியதே இல்லை, அதனால் கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் உட்கார்ந்தாள். கடைசியில் கட்டில்மேல் கிடந்த எல்ஸ்பாவின் பின்னலை எடுத்து, விட்ட இடத்திலிருந்து பின்னத் தொடங்கினாள்.

"பயமா இருக்கா மதினி?"

எல்ஸ்பா மேல்கூரையைப் பார்த்தாள். "இருக்குடி."

"எனக்கும்தான்." மாலான் பின்னலிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "உன் உசுருக்காகப் பாதி. மீதி, இது பிரிஞ்சா என் மகனை ஊருக்குள்ள என்னன்னு கூப்பிடுவாங்களோன்னு."

எல்ஸ்பா ஏதோ சொல்ல வாயெடுத்தாள். வாயில் வார்த்தை வருவதற்குள் மறுபக்கம் சேதி வந்துவிட்டது. சின்னச் சேதி இல்லை. பக்கத்துக் கட்டில்காரி புத்தகத்தை மூடினாள்.

மாலான் பின்னலைக் கீழே போட்டாள். "மதினி?"

"ஆமாடி."

"நிசமா?"

"இன்னொரு தடவையா கேக்குற? கொஞ்சம் இரு, அதுவும் வரும்." எல்ஸ்பா அவள் கையை எட்டிப் பிடித்தாள். "மாலான் கட்டுடி இது! மாலான் கட்டு! போய்ச் சொல்லு உன் மகன்கிட்ட!"

இரண்டு கிழவிகளும் கையைப் பிடித்துக்கொண்டு அழுவதைப் பார்த்து ஓடிவந்த செவிலிக்கு, நல்ல சேதியா கெட்ட சேதியா என்று முதலில் விளங்கவில்லை. அதற்குப் பிறகும் காய்ச்சல் வருகிறதா, கசிவு உண்டா என்று சில நாள் வைத்துப் பார்த்துவிட்டுத்தான் வீட்டுக்கு அனுப்பினார்கள். ஒன்றும் வரவில்லை.

இப்போது அந்தக் கிரேக்க வார்த்தை எங்கள் ஊருக்குச் சொந்தம். எல்ஸ்பா அதை எதற்கும் சொல்வாள். அறுந்த கம்பளி நூலைச் சேர்த்தால் அனஸ்டமோசிஸ். கடலடிச் சுரங்கத்தில் காரில் போனால், "ரெண்டு தீவுக்கும் எவ்வளவு சுத்தமா அனஸ்டமோசிஸ் பண்ணியிருக்கான் பாருங்க, ஒரு சொட்டு கசியல" என்று ஹானுஸிடம் சொல்வாள். வேலித் தகராறில் வெகுகாலம் பேசாதிருந்த அண்ணனும் தம்பியும் இந்தக் கோடையில் கைகுலுக்கியபோதும் அதையேதான் சொன்னாள். "ஆனா அவசரப்பட வேண்டாம், காத்து போகட்டும் மொதல்ல" என்றும் சேர்த்துக்கொண்டாள். பாதிரியாருடைய மகளும் படகோட்டி ஒருவனும் துறையில் முத்தமிட்டதைப் பார்த்துவிட்டு வந்து, வாயோடு வாய் என்பதால் அதற்கும் அதே பேரைச் சூட்டினாள். ரெகினிடம் சொன்னார்கள். அர்த்தம் சரிதான் என்றானாம்.

'மாலான் கட்டு' என்ற பேச்சு மட்டும் அவள் வாயில் பழைய பொருளில் வருவதில்லை. வேறு யாராவது சொன்னால், "அது கட்டுல குத்தம் இல்ல" என்பாள். அதற்குமேல் விளக்க மாட்டாள். ரெகினிடம் நன்றி என்று ஒரு வார்த்தை சொன்னதும் இல்லை. அவன் வாயோடு வாய் வைத்துக் காட்டிய அந்தச் சட்டைக் கைகளை உடம்போடு சேர்த்து முடித்து, காகிதத்தில் சுற்றி, பேருந்து ஓட்டுநரிடம் அவனுக்குக் கொடுத்து அனுப்பினாள். ஒரு கையில் பாதிக்குமேல் பின்னல் கொஞ்சம் இறுக்கம். அது மாலான் பின்னியது. எல்ஸ்பா அதைப் பிரிக்கவில்லை.

இந்த அக்டோபரிலும் நிலவறை நிறைந்திருக்கிறது. எல்ஸ்பா ஊதி ஊதிக் கொடுக்கிறாள். மற்றவர்கள் அடைத்துக் கட்டுகிறார்கள். மாலான் சிவப்பு நூலோடு மூலையில் உட்கார்ந்து, எப்போதும்போல் கை நிறைய அள்ளி, அமுக்கி அமுக்கி அடைக்கிறாள். எல்ஸ்பா அதைப் பார்க்கிறாள். 'கொஞ்சம் இடம் விடுடி' என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

கொப்பரை கொதிக்கிறது. கொஞ்ச நேரத்தில் உள்ளே 'பொத்' என்று ஒரு சத்தம். தண்ணீர் கருக்கிறது. சிவப்பு நூல் மேலே வந்து ஒரு சுற்றுச் சுற்றுகிறது. பெண்கள் எல்லோரும் எல்ஸ்பாவின் வாயைப் பார்க்கிறார்கள். மாலான் வழக்கம்போல் சிரிக்கத் தயாராகி, மூடிபோட்ட வாளிக்குக் கையை நீட்டுகிறாள்.

எல்ஸ்பா வாளியைக் காலால் தள்ளிவைக்கிறாள். அகப்பையை எடுத்து, வெடித்துச் சிதறிய கட்டிகளைத் தன் தட்டில் அள்ளிக்கொள்கிறாள். ஆவி பறக்கிறது. ஒரு துண்டைக் கரண்டியில் எடுத்து, கன்னம் இரண்டும் புடைக்க ஊதி, மேலுதட்டில் வைத்துச் சூடு பார்த்து, வாயில் போட்டு மெதுவாக மெல்லுகிறாள். விழுங்கியதும், ஒரு கை தானாகப் போய் வயிற்றில் தையல் ஓடிய இடத்தில் அமர்கிறது.

மறு கையால் தட்டை மாலான் பக்கம் நீட்டுகிறாள், இன்னும் கொஞ்சம் போடச் சொல்லி.