மடித்து வைத்த வீடு

மேம்பாலத்தின் கடைசித் தூணடியில் மனைவியோடு குடியிருந்தவருக்கு ‘மடிப்பு’ என்று பெயர் வைத்தவர்கள் பக்கத்துத் தூண்காரர்கள். சந்தையில் மூட்டை தூக்குகிறவர். பாலம் அங்கே தாழ்ந்து இறங்குவதால், தூணின் உச்சியில் கையெட்டும் உயரத்தில் ஓர் இடுக்கு உண்டு. விடிந்ததும் பாய், போர்வை, ஸ்டவ், பாத்திரம் எல்லாவற்றையும் மடித்து, அடுக்கி, அதில் செருகிவிடுவார். பிறகு ஈரத்துணியால் தரையைத் துடைப்பார். அங்கே ஒரு குடும்பம் இருப்பது ஈ காக்காய்க்குக்கூடத் தெரியாது. ஊரார் நடக்கும் இடத்தில் குடியிருப்பவன் ஊருக்குச் செய்யும் மரியாதை அது என்பது அவர் கட்சி. சொந்தவீட்டுக்காரர்கள் யாரும் இப்படி மரியாதை செய்ததாகத் தகவல் இல்லை.

அந்த மரியாதையே வினையாக முடிந்தது. நகரத்தை அழகுபடுத்த ஒரு வேன் நிறையப் பூந்தொட்டிகள் வந்திறங்கின. ஆளில்லாத தூணைச் சுற்றி வைக்கவேண்டும் என்பது உத்தரவு. சூப்பர்வைசர் நேராகக் கடைசித் தூணுக்கு வந்தார்.

“இங்க வைங்கப்பா. காலியாத்தான் கெடக்கு.”

“சார், நாங்க இங்கதான் குடியிருக்கோம்” என்றார் மடிப்பு.

“நம்புற மாதிரி சொல்லுங்க பெரியவரே. மனுஷன் குடியிருக்கிற எடமா இது? ஒரு குப்பைகூட இல்ல!”

இதைவிடப் பெரிய பாராட்டு அவருக்கு வாழ்நாளில் கிடைத்ததில்லை. பூரித்துப்போய் நின்றார். அதற்குள் முதல் தொட்டி அவர் தலைமாட்டில் உட்கார்ந்துவிட்டது.

“பல்லக் காட்டிக்கிட்டு நிக்கிறீங்களே! தொட்டிக்குள்ளயா படுக்கப்போறீங்க?” என்று மனைவி இடுக்கில் கையை விட்டாள். பாயை விரித்தாள். சுவரே இல்லாத வீட்டில் சமையலுக்கென்று ஒரு மூலை இருந்தது. அங்கே ஸ்டவ்வை வைத்துப் பற்றவைத்தாள். நீட்டிக்கொண்டிருந்த கம்பியில் கண்ணாடியை மாட்டினாள். பிறகு, மேற்பார்வையிட உள்ளே வந்துகொண்டிருந்த சூப்பர்வைசரைத் தடுத்தாள்.

“அண்ணே, செருப்பக் கழட்டிட்டு வாங்க. இப்பதான் தொடச்சிருக்கு.”

யோசிக்காமல் கழற்றிவிட்டார். கழற்றிய பிறகுதான் யோசித்தார். செருப்பை வெளியே விட்டு நுழைந்த இடத்தைக் காலியிடம் என்று சொல்ல வாய் வரவில்லை. பாயில் உட்கார்ந்து, கொடுத்த டீயைக் குடித்தார்.

“சரி, தொட்டிய எடுத்துருங்கப்பா.”

“எல்லாத்தையும் எடுக்க வேணாம்ணே. வாசலுக்கு ரெண்டு பக்கமும் ஒண்ணொண்ணு இருக்கட்டும்.”

“வாசல் எங்கம்மா இருக்கு?”

“நீங்க செருப்பு விட்ட எடந்தான்.”

திரும்பிப் பார்த்தார். செருப்பைக் காணோம்.

வெளியே எதையும் விட்டுவைக்கும் பழக்கம் மடிப்புக்குக் கிடையாது. பேச்சோடு பேச்சாக அதையும் எடுத்து, தூசி தட்டி, இடுக்கில் அடுக்கியிருந்தார்.